என் லைசென்ஸ்தான் வேணுமாம்

அந்தப் பேனாவ மூடி வைங்க வக்கீல் சார். நான் இன்னும் சரின்னு சொல்லல. மொதல்ல காபியக் குடிங்க. அப்பா கெணத்தடியில குளிக்கிறாரு, ஒடம்புல இருக்குற உப்பெல்லாம் போக அவருக்கு ரெண்டு பக்கெட் பத்தாது. அதுவரைக்கும் நாம பேசலாமே.

சக்கர கம்மியா? அம்மா, டப்பா கெடச்சிதா? இருங்க சார், தேடுறாங்க.

கோவமெல்லாம் இல்ல, என் கொரலே இப்பிடித்தான். யுனிவர்சிட்டில டிபேட்டுக்குப் போறவ. சரி, நீங்க சொன்னத நான் திருப்பிச் சொல்றேன், சரியான்னு பாருங்க. போன வெள்ளிக்கிழம சாயங்காலம், நம்ம உப்பளத்துலேருந்து ரோட்டுக்கு ஏறுற திருப்பத்துல, நடந்து வந்துட்டிருந்த தையல்நாயகி அக்காவ பைக்ல இடிச்சது என் தம்பி சித்தார்த்தன் இல்ல. நானு. ஏன்னா அவனுக்குப் பதினாறு வயசு, லைசென்ஸ் இல்ல. வீட்லயே எங்கிட்ட மட்டும்தான் இருக்குது. அதனால நான் ஓட்டுனேன். அவ்ளோதான?

அப்பாவா? அவருகிட்ட ஏது சார் லைசென்ஸ்? ஊர்ல மொத பைக் வாங்குனவரு. லைசென்ஸ் எங்கன்னு கேட்டா, என்னத் தெரியாத போலீசு இந்த ரூட்ல எவன் இருக்கான்னு திருப்பிக் கேப்பாரு.

சிரிப்பு வருது சார். இந்த லைசென்ஸ வாங்க நான் பட்ட பாடு இருக்குதே! பதினாறு வயசுல கியர் இல்லாத சின்ன வண்டிக்கு மட்டும் தருவாங்க. அதுக்கும் பெத்தவங்க கையெழுத்து வேணும். பேப்பர நீட்டுனேன். அப்பா அத எடுத்துட்டுப் போயி கலியன் டீக்கடையில எல்லாருக்கும் காட்டிச் சிரிச்சாரு. டிவிஎஸ் ஃபிஃப்டிக்கு லைசென்ஸாம்யா, அடுத்து மாட்டு வண்டிக்கும் கேப்பா பாருன்னாரு. சிரிச்சிக்கிட்டேதான் கையெழுத்தும் போட்டாரு.

அப்புறம் எல்எல்ஆர். கண்ணு டெஸ்ட்டு, ரோட்டு போர்டு படத்தக் காட்டிக் கேள்வி, எல்லாம் முடிச்சி செவப்புல எல் ஒட்டிக்கிட்டு ஓட்டணும். இந்த ஊர்ல எல் ஒட்டுன மொத வண்டி என்னுதுதான். பசங்க மூணு மூணு பேரா ஒரே பைக்ல தொங்கிக்கிட்டு வந்து, எல்னா லூசாடின்னு கத்திட்டுப் போவானுங்க. சட்டத்த மதிச்சா லூசு. எட்டுப் போடப் பழக எடம் இல்ல. உப்பு குவிக்கிற மேட்டுல, யாரும் வாங்காத அழுக்கு உப்ப அள்ளிக் கொட்டி எட்டு வரஞ்சி, அது மேலயே சுத்திச் சுத்தி ஓட்டுனேன். அப்பயும் மொத டெஸ்ட்ல கால ஊனிட்டேன். பிரேக் இன்ஸ்பெக்டர், போயிட்டு அடுத்த தடவ வாம்மான்னுட்டாரு. அந்த ஒரு கால ஊனுனதுக்கு ஊரே ஒரு வாரம் கை தட்டிச்சு. நானும் விடல. மறுபடி போயி ஊனாம போட்டுட்டுத்தான் வந்தேன்.

சித்துவுக்கும் படிப்படியாத்தான் சார் லைசென்ஸ் குடுத்தாங்க. பால் பல்லு விழறதுக்கு முன்னாடியே பெட்ரோல் டேங்க் மேல உக்கார வெச்சி ஹேண்டில் பாரப் புடிக்க விட்டாங்க, அது எல்எல்ஆர். அப்புறம் சீட்ல உக்காந்தா கால் தரையில எட்டாத வயசுல, பின்னாடி உப்பு மூட்டையக் கட்டி அனுப்புனாங்க. கடத்தெருவே பலே பலேன்னுச்சு. அது டெஸ்ட்டு. போன வருஷம் பத்தாவது பாஸ் பண்ணதும் புது பைக்கு. மாலை போட்டு, சக்கரத்துல எலுமிச்சம்பழத்த நசுக்கி, கையில சாவி. அது லைசென்ஸ். குடுத்தது ஆர்டிஓ இல்ல, எங்க அப்பா. அந்த எலுமிச்சம்பழத்தத்தான் இன்சூரன்ஸ்னு நெனச்சாரு போல.

அதே பைக்க ஒருநாள் டெஸ்ட்டுக்குக் குடுங்க, கியர் வண்டிக்கும் சேத்து எழுதிக்கிறேன்னு நான் கேட்டேன். பொம்பளப்புள்ள ரெண்டு பக்கமும் காலப் போட்டு ஓட்டுனா, சம்பந்தம் பேச வர்றவன் வாசலோட திரும்பிடுவானாம். இப்ப அதே பைக்க ஓட்டி ஒருத்தர் கால ஒடச்சவள்னு கேஸ் இருந்தா மட்டும் வரிசையில வந்து நிப்பானா சார்?

ஆமா, அதத்தான் சொல்றேன். என் லைசென்ஸ் கியர் இல்லாத வண்டிக்கு மட்டும்தான். பாக்கலயா நீங்க? அப்பாவும் பாத்திருக்க மாட்டாரு. ரேஷன் கார்டு மாதிரி வீட்டுக்கு ஒண்ணு இருந்தா போதும்னு நெனச்சிட்டாரு. ஓ, அத நீங்க பாத்துக்குவீங்களா? சுத்தமா இல்லாததுக்கு ஏதோ ஒண்ணு இருக்குதேன்னு வாதாடுவீங்களா? நல்லா இருக்குது சார்.

படிக்கிற பையன், வாழ்க்க கெட்டுடும். சரி. நான் என்ன யுனிவர்சிட்டில புல்லு புடுங்கவா போறேன்? பொண்ணுன்னா ஜட்ஜ் எரக்கப்படுவாரா! அடேங்கப்பா. வண்டி ஓட்டுறதுக்குப் பொண்ணு ஆவாது, எரக்கப்படறதுக்கு மட்டும் பொண்ணு வேணும்.

அம்மா, கெடச்சிதா இல்லயா? அந்தச் சட்டையில பாரேன். இல்ல சார், நீங்க குடிங்க.

அப்ப தையல்நாயகி அக்கா? அவங்க ரெண்டு கண்ணால பாத்தாங்களே. சொல்ல மாட்டாங்களா? ஏன் சொல்ல மாட்டாங்கன்னு எனக்கும் தெரியும் சார். கால் எலும்பு கூடுனா நம்ம அளத்துக்குத்தான் திரும்ப உப்பு வார வரணும். எனக்கு ஒரு பொய்ய எழுதிட்டு வந்தீங்க, அவங்க வாய்க்கும் சேத்து ஒரு பூட்டு வாங்கிட்டு வந்துட்டீங்க.

நேத்து ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தேன். தொடையிலேருந்து பாதம் வரைக்கும் மாவுக்கட்டு. என்னப் பாத்ததும் அவங்க கேட்ட மொத கேள்வி என்ன தெரியுமா? தம்பியும் விழுந்துச்சே, அதுக்கு அடி கிடி எதனா பட்டுச்சாம்மா. கப்பு வாங்குன பேச்சாளி சார் நானு. ஆரஞ்சுப் பழத்த மட்டும் வெச்சிட்டு வந்துட்டேன்.

வீட்டுக்கு வந்து சித்துகிட்ட இத மட்டும்தான் சொன்னேன். வேற ஒரு வார்த்த திட்டல.

அவனா? அந்த ரூம்லதான் இருக்கான். ஆமா, வெளியில பூட்டுதான். பயந்து எங்கயாவது ஓடிடுவான்னா? அப்பா அப்பிடியா சொன்னாரு உங்ககிட்ட? இல்ல சார். காலைல சட்டயப் போட்டுக்கிட்டு, நானே ஸ்டேஷனுக்குப் போயி நான்தான் இடிச்சேன்னு சொல்றேன்னு கெளம்புனான். அதுக்குத்தான் பூட்டு. சாவி அப்பா சட்டப் பாக்கெட்ல. அவரு அந்தச் சட்டயக் கழட்டுறதே குளிக்கத்தான்.

கேட்டுச்சா? பூட்டு தொறக்குற சத்தம்தான். அம்மா தேடுனது சக்கர டப்பா இல்ல சார். ஒரு கை சக்கரைக்கு இவ்ளோ நேரமா ஆவும்?

வாடா சித்து. வக்கீல் சாருக்கு வணக்கம் சொல்லு. சார், ஸ்டேஷனுக்கு நீங்களும் பின்னாடியே வாங்க, அவன் சொன்னதுக்கப்புறம் அவனுக்காக வாதாடுங்க. அது நல்ல கேஸு. அம்மா, அப்பா கேட்டா நான்தான் கூட்டிட்டுப் போனேன்னு சொல்லு.

டேய், டேய், என் டிவிஎஸ் ஃபிஃப்டில முன்னாடி எங்கடா ஏறுற? பழக்க தோஷம். பின்னாடி உக்காரு. எனக்குத்தான் லைசென்ஸ் இருக்குது.