சொந்தக் குரலில் ஒரு படம்

— ஆறு மணி நேரம் பதினெட்டு நிமிஷம், தம்பி. எங்கப்பா நடிச்ச ஒன்பது படத்துலயும் அவர் முகம் திரையில இருக்கிற நேரம். கடிகாரம் வச்சுப் பார்த்திருக்கேன். அதுல ஒரு நொடிகூட அவர் குரல் கிடையாது.

— தெரியும், யாரீனா ஒஸ்தாபிவ்னா. அவர் பேசின உக்ரேனியனை எடுத்துட்டு, எல்லாத்துக்கும் மாஸ்கோவுல ரஷ்யன் டப்பிங். ஒரே ஆள்தான் பேசியிருக்கார்.

— மூக்கால பேசற ஆள். அப்பா தியேட்டர்ல என் காதுல சொல்வார், "வாய் என்னோடது, ஜலதோஷம் யாரோடதோ"ன்னு.

— கீவ் வானொலியில நாடகம் பண்ணியிருக்காரே?

— நாலு. அவரைக் கைது பண்ணின வாரமே அழிச்சுட்டாங்க.

— ஆனா உளவுத்துறைக்காரன் எதையும் அழிக்கல பாருங்க. உங்க வீட்டுச் சமையலறையில மைக் வச்சு எடுத்தது, எழுபத்திரண்டு ஜனவரி. நாற்பத்தேழு நிமிஷம். எங்க காப்பகப் பட்டியல்லயே ஏறாத டேப் சுருள். இது இருக்குன்னு உங்களுக்கு யார் சொன்னது?

— இருக்கும்னு தோணுச்சு. எழுதிப் போட்டேன். வலது காது போயிடுச்சு, தம்பி. இடது காதும் குளிர்காலத்தைத் தாண்டாதுன்னு டாக்டர் சொல்லிட்டார். அவர் குரல் எப்படி இருக்கும்னே மறந்துபோச்சு. போடுங்க.

— போடறேன். நாலு மணிக்குக் கரண்ட் போயிடும், இப்ப ஆரம்பிச்சாத்தான் முழுசாக் கேக்கலாம். தப்பா எடுத்துக்காதீங்க, ஒரு விஷயம். சுருளோட இருக்கிற உளவுத்துறைக் கோப்பைப் படிக்க வேண்டாம். சுருளை மட்டும் கேளுங்க.

— ஏன்?

— மைக் வைக்க வந்தவங்க பூட்டை உடைக்கல. வீட்டுக்குள்ளேயிருந்தே சாவி போயிருக்கு.

— குழாய் ரிப்பேர் பண்ண வந்தவன்தான்னு எங்கம்மா சொல்லிட்டே இருந்தா. சாகற வரைக்கும், அவன் எதிர்ல வந்தா தெருவைத் தாண்டிப் போயிடுவா.

— குழாய்க்காரர் இல்ல. கோப்புல பேர் இல்ல, 'வீட்டு ஆள்'னு மட்டும் போட்டிருக்கு. சுருள்லயே ஒரு இடம் வருது. அன்னிக்கு வீட்டுக்கு வந்த நண்பர் மெதுவாப் பேசச் சொல்றார். உங்கப்பா, "இந்த வீட்டுச் சாவி மூணுதான். ஒண்ணு என்கிட்ட, ஒண்ணு பொண்டாட்டிகிட்ட, ஒண்ணு என் குட்டிப் பொண்ணுகிட்ட. நீ பாட்டுக்குப் பேசு"ன்னு சொல்லிச் சிரிக்கிறார்.

— சிரிக்கிறாரா?

— நல்லா.

— அப்படி என்னதான் பேசினார், ஏழு வருஷம் தண்டனை போட?

— அவருக்கு நடிப்பு சொல்லிக்கொடுத்தவரை அந்தக் காலத்துல அரசாங்கமே சுட்டுக் கொன்னு, பேரைக்கூடச் சொல்லக் கூடாதுன்னு வச்சிருந்தாங்களே, அவரைப் பத்தி. எப்படி மேடைக்குள்ள நடந்து வரச் சொல்வார், எங்க மூச்சு விடச் சொல்வார்னு. உருளைக்கிழங்கு உரிக்கிற சத்தம்கூடக் கேக்குது.

— ஏழு வருஷம் எங்க ஆச்சு. மூணாவது வருஷமே சிறைமுகாம்ல செத்துப் போயிட்டார். உடம்பைக்கூடத் தரல.

— அதனாலதான் நாடக அரங்கத்தோட நூற்றாண்டு மலர்ல, சாவி கொடுத்தது யார்னு எழுதிட்டேன். இன்னிக்குச் சாயங்காலம் அச்சுக்கு அனுப்பறாங்க. உங்களுக்கு அப்ப பத்தொன்பது வயசு. பரீட்சைக்குப் படிச்சுட்டு இருந்த பொண்ணு. மிச்சம் ஒருத்தர்தானே. தப்பா எடுத்துக்காதீங்க.

— எங்கம்மா பேரைப் போட்டிருக்கீங்களா?

— பேர் போடல. 'மனைவியின் உதவியோடு'ன்னு.

— மேடையில கதாநாயகியா நின்னவ, தம்பி. அவருக்குப் பார்சல் அனுப்பறதுக்காக டிராம் டிப்போவுல பனி வாரினா. விரல் ரெண்டு மரத்துப்போச்சு.

— குற்ற உணர்ச்சியாக்கூட இருந்திருக்கலாம். எத்தனையோ கோப்பு பார்த்துட்டேன்.

— சுருளைக் கீழ வைங்க.

— மாட்டியாச்சு. பட்டனை அமுக்கினா போதும், குரல் வந்துடும்.

— முதல்ல அச்சகத்துக்கு போன் பண்ணுங்க. அந்த வரியை எடுக்கச் சொல்லுங்க.

— கரண்ட் போயிடும், யாரீனா ஒஸ்தாபிவ்னா. அடுத்த முறை வர்றதுக்குள்ள உங்க காது... சரி. எடுத்துட்டு என்ன போடச் சொல்ல?

— நான் படிச்ச இன்ஸ்டிட்யூட் வாசல்ல ஒருத்தன் வந்து நின்னான். நல்ல கோட்டு, மரியாதையான பேச்சு. அடுத்த படம் அப்பாவோட சொந்தக் குரல்லயே வரும்னான். நான்தான் சாவியைக் கொடுத்தேன்.