இடுப்பு பிசகிய காரணம்

இரண்டாம் உலக யுத்தத்துக்கு முன்பு, விழுப்புரத்தில் ஓர் ஆஸ்பத்திரி வரிசையில், சாய்ந்து சாய்ந்து நடக்கும் இரண்டு வயது மகளோடு வளவனூர்க்காரி ஒருத்தி எனக்கு முன்னால் நின்றாள். நோய்களை வகை பிரித்துப் பதிவேட்டில் எழுதும் குமாஸ்தா, குழந்தையின் இடுப்பு எப்படிப் பிசகியது என்று கேட்டார்.

“புளியமரத்துலேர்ந்து விழுந்துட்டாளுங்க.”

“எப்போ?”

“ஆறு மாசத்துல.”

“ஆறு மாசத்துலயே மரம் ஏறிக்கினு இருந்தாளா?”

வரிசையே சிரித்தது. அவளும் சிரித்துவிட்டாள்.

“பொறவிக் கோளாறுன்னு எழுதிட்டா, நாளைக்கு இவள எவன் கட்டிப்பான் சாமி?”

“அப்படி எழுதினாத்தாம்மா மெட்ராஸுக்கு அனுப்புவாங்க. அங்க எலும்பைக் குழியில ஒக்கார வெச்சு மாவுக்கட்டுப் போடுவாங்க. விழுந்ததுன்னு எழுதினா இங்கயே தைலந்தான்.”

தாய் மகளின் இடுப்பை மெல்லத் தடவினாள்.

“அப்போ பொறவின்னே எழுதுங்க. நேரா நடந்துட்டான்னா, பொண்ணு பாக்க வர்றவன் உங்க நோட்டையா பொரட்டப்போறான்?”