அழிக்கவும் அளிக்கவும்

எனக்கு வினிகர் வாடை ஆகாது, ஐயா. ஓட்டலில் பக்கத்து மேசைக்காரர் அந்தப் பாட்டிலைத் திறந்தாலே எழுந்து போய்விடுவேன்.

பழைய படச்சுருள் அழுகினால் அதே வாடைதான். டைரக்டர் வீட்டு மூன்றாம் மாடியில் அப்படி நாலாயிரம் பெட்டி இருந்தது. மூடிப்போன தியேட்டர்களிலும் பழைய இரும்புக் கடைகளிலும் தேடித்தேடி வாங்கியவை. எல்லாம் என் முதுகில் ஏறி வந்தவை.

டைரக்டர் தனி ஆள். எடுக்காத படம் இல்லை. கல்யாண வீடியோ எடுத்தார். தலைவலித் தைலத்துக்கு விளம்பரம் எடுத்தார். சொந்தமாக இரண்டு பேய்ப்படம் எடுத்தார். பேயைப் பார்த்து ஜனங்கள் சிரித்தார்கள். பிறகு ஏழைகளை எடுத்தார். அதற்குத்தான் பரிசு கிடைத்தது. சாப்பிட்ட கையை என் தோள் துண்டில் துடைப்பார். அந்த விரலாலேயே சுருளை உருவி, நாய் முகர்வதுபோல முகர்வார்.

என் வீட்டுக்காரி அங்கே பெட்டிகளுக்குச் சீட்டு எழுதி ஒட்டினாள். கெட்டுப்போன பெட்டிக்கு 'அழிக்க'. அதை நான் கொல்லையில் எரிக்க வேண்டும். நல்ல பெட்டிக்கு 'அளிக்க'. அது சினிமாக் காப்பகத்துக்குப் போகும், அங்கே ஊரே பார்க்கும். ஐம்பது வயதில் அந்தச் சீட்டுகளை வைத்துத்தான் எனக்கு எழுத்துச் சொல்லிக்கொடுத்தாள்.

"நாக்கை மடிய்யா. வாளப்பளம்னு கேட்டா கடைக்காரன் தோலத்தான் தருவான்."

"தோலு உனக்கு, பளம் எனக்கு."

"பளம் இல்ல, பழம்." நறுக்கென்று ஒரு குட்டு.

பிறகு நுரையீரல் கெட்டுப் படுத்தாள். டைரக்டர் கேமராவோடு வந்தார்.

"இன்னொரு தடவ இருமும்மா. வெளிச்சம் சரியா விழல."

இருமினாள். மூன்று தடவை. கிண்ணத்தில் விழுந்ததையும் கிட்டப்போய் எடுத்தார். எடுத்து முடித்து உதட்டை நக்கிக்கொண்டார். விளக்கைப் பிடித்துக்கொண்டிருந்தது நான். பிடி என்றார், பிடித்தேன். சுவரில் என் நிழல் பெரிதாக விழுந்திருந்தது. மறுநாள் காலையில் அவள் போய்விட்டாள்.

இரண்டு மாதம் கழித்து அவளை எடுத்த படத்தின் பெட்டி அலமாரியில் இருந்தது. டைரக்டர் கையால் எழுதிய சீட்டு. 'அழிக்க' என்று வாசித்தேன். இருமச் சொன்னவனே இப்போது எரிக்கவும் சொல்கிறானே என்று பட்டது. காரணம் அவ்வளவுதான்.

டைரக்டர் சுருள் அறைக்குள் இருந்தார். சின்ன அறை. சுருள் கெடாமல் இருக்கக் கதவைச் சுற்றி ரப்பர் வைத்திருந்தார், காற்றுப் புகாது. சாத்தி, வெளித் தாழ்ப்பாள் போட்டேன். காலை பத்து மணி இருக்கும்.

"யோவ், தாழ்ப்பாள் விழுந்துடுச்சு பாரு" என்றார்.

முக்காலியில் உட்கார்ந்தேன். கொஞ்ச நேரம் கழித்து, "உன் பொண்டாட்டி படம் வெளிய போவுதுய்யா. லைட்டுன்னு உன் பேரும் போட்டிருக்கேன். தொறய்யா" என்றார்.

கொண்டுபோன சாப்பாட்டைப் பிரித்துச் சாப்பிட்டேன். சாயங்காலம்வரை தட்டினார். மறுநாள் போனபோது சத்தமில்லை. திறக்கவில்லை, வாடை வரும். நான்காம் நாள் நீங்கள் போலீஸ்காரர்களோடு வந்து திறந்தீர்கள், மூக்கைப் பொத்திக்கொண்டீர்கள். அதில் பாதி வினிகர்தான், ஐயா.

அவள் பெட்டியைக் கொல்லைக்குக் கொண்டுபோய் நானே எரித்தேன். சீட்டில் அப்படித்தானே எழுதியிருந்தது. சீட்டை மட்டும் உரித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன்.

நீங்கள் அதை வாங்கிப் பார்த்துவிட்டு, "பெரியவரே, இது அளிக்க. ள போட்டிருக்கு" என்றீர்கள். பிந்திப் படித்தவன், எனக்கு ரெண்டும் ஒண்ணுதான் என்றேன். நடந்ததை எழுதித் தரச் சொன்னீர்கள். எழுதினேன்.

நேற்று அந்தத் தாளை இரண்டு முறை படித்தீர்கள். "நாலு பக்கத்துல ஓரிடத்துலகூட ள, ழ மாறலையே, பெரியவரே?" என்று கேட்டீர்கள். இன்றைக்குச் சொல்கிறேன்.

அவள் சொல்லிக்கொடுத்தது, ஐயா. எப்படி மாறும்?