பெயர் சொல்லி அழ ஓர் ஆள்

ஓடுகிறோம். மகள் முன்னால். நான் பின்னால். இரண்டாயிரத்து ஒன்பது, மாசி மாதம். வெயில் ஏறிவிட்டது. கடற்கரை மணல். கால் புதைகிறது. தலைக்கு மேலே வண்டு இரைவது போல ஒரு சத்தம். ஆளில்லாத விமானம் அது. சனம் அதற்கு வண்டு என்றே பெயர் வைத்திருந்தது. வண்டு சுற்றினால் பின்னாலேயே செல், பீரங்கிக் குண்டு, வரும்.

முதலில் தூரத்தில் 'டும்' என்று ஒரு குத்து. பிறகு ஒன்றும் இல்லை. பிறகு புதுத் துணியைக் கிழிப்பது போல ஒரு சத்தம். அது கேட்டால் படுத்துவிட வேண்டும்.

"அம்மா, விழுந்து படுங்கோ! படுங்கோ!"

படுத்தேன். வாயெல்லாம் மண். நெஞ்சுக்குக் கீழே நிலம் எழும்பி அடங்கியது. காதுக்குள் 'ஙொய்' என்று ஒரே இரைச்சல். நிமிர்ந்து பார்க்கிறேன். மகளும் படுத்திருக்கிறாள். எனக்குச் சொல்லிவிட்டு அவள் படுக்கப் பிந்திவிட்டது.

அவள் பெயர் தர்சினி. வயது பதினாலு.

பக்கத்தில் ஒரு பங்கர் இருந்தது. யாரோ வெட்டிவிட்டுப் போன குழி. சேலைகளை வெட்டித் தைத்து, மண் நிரப்பி, சுற்றிலும் அடுக்கியிருந்தார்கள். அதில் ஒரு பை கூறைச் சேலை. சரிகை தெரிந்தது. அந்தக் குழிக்குள்ளேயே மகளை வைத்தோம். நானும் முன்பின் தெரியாத இரண்டு பெண்களும். என்னிடம் சேலை முந்தானையில் முடிந்த திருநீறு இருந்தது. நெற்றியில் பூசினேன். மேலே மண் தள்ளினோம்.

அப்போது எனக்கு அழுகை வந்தது. வாய் திறந்தேன். ஒரு பெண் என் வாயைப் பொத்தினாள்.

"சத்தம் போடாதேங்கோ அக்கா! பிறகும் குத்துவான்!"

அவள் மேல் தப்பில்லை. அவள் இடுப்பில் ஒரு குழந்தை இருந்தது. நான் வாயை மூடினேன். எழும்பி ஓடினேன். என் பிள்ளை அழாத சாவாகப் போனாள்.

அழாத சாவு என்றால் என்ன என்று வெளியாட்களுக்குச் சொல்ல வேண்டும். எங்கள் தேயிலைத் தோட்டத்துச் சனத்தில் ஒரு சாவு என்றால் பெண்கள் வட்டமாக உட்காருவோம். தோளோடு தோள் கட்டிக்கொள்வோம். செத்தவரின் பெயரைச் சொல்லி, முறை சொல்லி, ஒப்பாரி வைப்போம். அப்படிப் பெயர் சொல்லி அழாவிட்டால் அந்த உயிர் வழி தெரியாமல் நிற்கும். அம்மா சொன்னது. நான் நம்புகிறேன். மாரியம்மன் சாட்சியாக இன்றைக்கும் நம்புகிறேன். அதனால்தான் அன்றிலிருந்து எனக்கு ஒரே ஒரு ஆசை. என் சனத்துக்கு நடுவில் உட்கார்ந்து மகளைப் பெயர் சொல்லி அழ வேண்டும்.

ஆனால் என் சனம் யார்?

நான் ராமாயி. லிந்துலைப் பக்கத்தில் ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், ஒட்டிக் கட்டிய வரிசை வீடுகளில் ஒன்றில், பிறந்தவள். ஐந்தாம் வகுப்பு வரை படித்தேன். எண்பத்து மூன்று கலவரத்தில் எங்கள் லயத்துக்குத் தீ வைத்தார்கள். தகரம் வெடிக்கும் சத்தம் இப்போதும் காதில் இருக்கிறது. அப்பாவும் அம்மாவும் என்னைக் கூட்டிக்கொண்டு வடக்கே கிளிநொச்சிப் பக்கம் போனார்கள். தமிழ்ச் சனம் இருக்கும் ஊர், பயமில்லை என்றார் அப்பா. அண்ணன் முத்துசாமிக்கு அப்போது கல்யாணம் முடிந்திருந்தது. அவரும் மதினியும் தோட்டத்திலேயே நின்றுவிட்டார்கள்.

அங்கே எல்லாரும் தமிழ்தான் பேசினார்கள். ஆனால் நான் வாய் திறந்தால் போதும். தண்ணிக்குப் போன இடத்தில் ஒரு பெண் சத்தமாகவே சொல்வாள்.

"இஞ்ச பாருங்கோ, தோட்டக்காட்டார் வந்திட்டினம். வாளியள் கவனம்!"

சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன். என் வீட்டுக்காரர் பெருமாளும் தோட்டத்திலிருந்து வந்தவர்தான். வீட்டுக்குள் எங்கள் பேச்சு. வாசல் தாண்டினால் அவர்கள் பேச்சு. வருசம் போகப் போக என் நாக்கில் இரண்டும் கலந்துவிட்டன. எது எங்கே முடிகிறது என்று எனக்கே தெரியாது.

என் அப்பாவும் அம்மாவும் போய்ச் சேர்ந்த பிறகு அங்கேயே பிறந்தவள் தர்சினி. முழுக்க அந்த ஊர்ப் பேச்சு. பள்ளிக்கூடத்தில் பெற்றோர் கூட்டம் என்றால் முதல் நாளே எனக்குச் சொல்லி வைப்பாள்.

"அம்மா, நீங்கள் சும்மா சிரிச்சுக்கொண்டு நில்லுங்கோ. நான் கதைக்கிறன்."

எனக்குக் கோபம் வராது. ஏனென்றால் ராத்திரி சோறு போடும்போது என்னைப் போலவே பேசிக் காட்டுவாள். "என்னா புள்ள, சோறு திங்கலயா? ஒடம்பு கிடம்பு சரியில்லயா?" அவள் அப்பா புரையேறும் வரை சிரிப்பார்.

அவரைத் தை மாதம் இழந்தோம். கஞ்சி வாங்க வரிசையில் நின்றார். அங்கே செல் விழுந்தது. உடம்பைப் பார்க்கக்கூட விடவில்லை.

மகளும் போன பிறகு, சனத்தோடு சனமாக இராணுவப் பக்கம் நடந்தேன். முழங்கால் வரை தண்ணி. கரையேறினால் வரிசை. ஒரு சிப்பாய் சிங்களத்தில் எதையோ சொன்னான். யாருக்கும் புரியவில்லை. எனக்குப் புரிந்தது. சின்ன வயதில் தோட்டத்துக் கடைவீதியில் பழகிய சிங்களம். வயசானவர்களை உட்காரச் சொல்கிறான் என்று சொன்னேன். பிறகு அவனிடம் சிங்களத்திலேயே தண்ணி கேட்டேன். அவன் ஆச்சரியமாகப் பார்த்தான். போத்தலைக் கொடுத்தான். நான் பக்கத்தில் நின்ற பெண்ணிடம் நீட்டினேன். அவள் பெயர் சந்திரா. நாங்கள் ஒரே பாதையில் ஓடி வந்தவர்கள். அவள் வாங்கவில்லை.

"உங்களுக்கென்ன அக்கா. அவையின்ர பாசை தெரிஞ்ச ஆள். தப்பிடுவியள்."

அதற்குப் பிறகு முள்வேலி முகாமில் அவள் கூடாரம் எனக்குப் பக்கத்துக் கூடாரம். என்னோடு பேசவே இல்லை. வேறு யாரும் அதிகம் பேசவில்லை. நான் சாமியோடு பேசினேன்.

சில மாதம் கழித்து அண்ணன் முகாமுக்கு வந்து என்னைக் கூட்டிப்போனார். ஹட்டன் வரை ஒரு பஸ். அங்கிருந்து இன்னொரு பஸ். மலை தெரிந்ததும் எனக்குத் தாங்கவில்லை. "அண்ணா, இன்னும் எவ்வளவு தூரம் போகோணும்?" என்று கேட்டுவிட்டேன். முன் சீட்டில் இருந்தவர்கள் திரும்பினார்கள். அண்ணன் என் கையை அழுத்தினார்.

"வாயத் தொறக்காத தாயி. எறங்குற வரைக்கும் வாயத் தொறக்காத. ஒம் பேச்சக் கேட்டா வடக்குலருந்து வந்த ஆளுன்னு புடிச்சிருவாங்க."

அப்போது அப்படிப்பட்ட காலம். எங்கும் சோதனை. வடக்கத்திப் பேச்சு வாயில் இருந்தால் சந்தேகம்.

எங்கள் வழக்கத்தில், சாவு கண்ட பெண் பிறந்த வீட்டுக்கு வந்தால் லயத்துப் பெண்கள் வாசலிலேயே அவளைக் கட்டிக்கொண்டு அழ வேண்டும். அழுது முடித்துத்தான் உள்ளே கூட்டிப்போவார்கள். நான் வாசலில் நின்றேன். பெண்கள் அவரவர் வாசலில் நின்றார்கள். யாரும் கிட்ட வரவில்லை. அழுகை கேட்டால் யாரு செத்தது, எங்கே செத்தது என்று கேள்வி வரும் அல்லவா. மதினி காளியம்மா மட்டும் கதவைத் திறந்தபடி நின்றார். அவர் கண்ணும் அண்ணன் மேலேயே இருந்தது. "உள்ள வா" என்றார். அவ்வளவுதான்.

கொழுந்து பறிக்கப் போனேன். வாய் திறந்தால் இங்கேயும் சிரிப்பு. எனக்கு 'வாங்கோ' என்று பெயர் வைத்துவிட்டார்கள்.

"அடியே, வாங்கோ வருது பாரு. தள்ளி நில்லுங்க."

"வாங்கோ, உங்க ஊர்ல தேயிலை மரத்துல ஏறியா பறிப்பீங்க?"

கெட்ட எண்ணம் இல்லை. ஆனால் பகல் முழுக்க மலையில் என் நிரையில் நான் தனியாகத்தான் நின்றேன். அங்கே தோட்டக்காட்டாள். இங்கே வடக்கத்தியாள். கோயிலில் மட்டும் பேச வேண்டியதில்லை. வெள்ளிக்கிழமைகளில் மாரியம்மனுக்கு விளக்குப் போடுவேன். பிள்ளை எங்கே நிற்கிறாளோ, அந்தப் பக்கம் வெளிச்சம் போகட்டும் என்று கும்பிடுவேன்.

அடுத்த வருசம், மழைக்காலம். லயத்தின் கடைசி வீட்டுக் கிழவர் செத்துப்போனார். காலையிலேயே தப்பு மேளம் அடித்தார்கள். பெண்கள் வட்டமாக உட்கார்ந்தார்கள். எங்கள் ஒப்பாரியில் ஒரு வழக்கம் உண்டு. யார் சாவில் உட்கார்ந்தாலும் ஒவ்வொருத்தியும் தன் சாவையும் சேர்த்து அழுவாள். மற்றவள் அதைத் தாங்குவாள். யாரும் தடுக்க மாட்டார்கள். போலீஸ்காரன்கூடக் கேட்க மாட்டான். இது எனக்கு அன்று தப்புச் சத்தம் கேட்டபோதுதான் நினைவு வந்தது. போய் உட்கார்ந்தேன். இரண்டு பக்கமும் தோளைக் கட்டிக்கொண்டேன். வாய் திறந்தேன்.

"என்ர பிள்ளை, என்ர தர்சினி, அம்மாவைப் படுக்கச் சொல்லிப்போட்டு நீ எங்கையடி போனாய்..."

என் அம்மாவின் ஒப்பாரி எனக்கு மனப்பாடம். அதைத்தான் அழ நினைத்தேன். வரவில்லை. பிள்ளை என்னோடு பேசிய பேச்சில்தான் வந்தது.

வட்டத்தில் அழுகை நின்றுவிட்டது. இடப்பக்கத்துக் கை தோளிலிருந்து நழுவியது. வலப்பக்கத்துக் கையும் நழுவியது. ஒரு இளம் பெண் குசுகுசுத்தாள்.

"என்னாடி இது, நம்ம அழுகை மாதிரி இல்லயே."

தப்புக்காரரும் நிறுத்திவிட்டார். மழை தகரத்தில் விழும் சத்தம் மட்டும். நான் தலையைக் குனிந்துகொண்டேன். எழும்பிப் போய்விடலாம் என்று நினைத்தேன்.

எதிர்ப்பக்கத்திலிருந்து மதினி எழும்பி வந்தார். கூந்தல் அவிழ்ந்திருந்தது. நழுவிய கை இருந்த இடத்தில் உட்கார்ந்தார். என் தோளை இறுக்கிக் கட்டினார். காதோடு கேட்டார்.

"புள்ள பேரு என்னா சொன்ன? இன்னொருக்காச் சொல்லு."

"தர்சினி, மதினி."

அதுவரை யாரும் கேட்டதில்லை. முகாமில் கேட்டார்கள், பதிவதற்கு. அழுவதற்கு யாரும் கேட்கவில்லை.

மதினி குரலெடுத்தார்.

"அடி எந் தருசினி, அத்த வீட்டு வாசல மிதிக்கலயே, அத்த கையால ஒரு வாத் தண்ணி குடிக்கலயே..."

பார்த்தே இராத பிள்ளைக்கு அழுதார். அவர் தோட்டத்துப் பேச்சில். நான் என் பிள்ளையின் வன்னிப் பேச்சில். மற்றவர்கள் சேரவில்லை. எழும்பியும் போகவில்லை. கொஞ்ச நேரத்தில் தப்பு மறுபடி அடித்தது. அது கிழவருக்கு. நாங்கள் இரண்டு பேரும் பிள்ளையை அழுது வழியனுப்பினோம்.

இப்போது நிலைமை மாறியிருக்கிறது. பேச்சுக்காக யாரும் பிடிப்பதில்லை. 'வாங்கோ' என்ற பெயர் மட்டும் நிலைத்துவிட்டது. அண்ணனும் இறந்துவிட்டார். அவர் பிள்ளைகள் கொழும்பில். நான் தனியாக இருக்கிறேன். மறக்கக் கூடாது என்பதற்காக எழுதி வைக்கிறேன்.

இழந்ததைச் சொல்கிறேன். லிந்துலையில் எரிந்த லயத்து வீடு ஒன்று. கிளிநொச்சியில் நாங்களே மண் குழைத்துக் கட்டிய வீடு ஒன்று. ஆடு இரண்டு. என் வீட்டுக்காரர் பெருமாள், கஞ்சி வரிசையில். என் மகள் தர்சினி, கடற்கரை மணலில், பதினாலு வயதில். என் அண்ணன் முத்துசாமி. என் மதினி காளியம்மா, போன வருசம், காய்ச்சலில். அவருக்கு நான் அழுதேன். வட்டத்தில் எல்லாரும் கையை இறுக்கித்தான் பிடித்திருந்தார்கள்.

தர்சினியைப் பெயர் சொல்லி அழத் தெரிந்தவர்கள் இந்த மலையில் இரண்டு பேர் இருந்தோம். இப்போது ஒருத்தி.