படையலுக்குச் சேலையா, வேட்டியா?

போச்சம்பள்ளியிலிருந்து காவேரிப்பட்டினம் போகிற பஸ். எனக்கு முன் சீட்டில், ஷிப்ட் முடிந்து கழுத்தில் அடையாள அட்டையோடு இரண்டு பெண்கள். சின்னவள் திடீரென்று சொன்னாள்:

"எங்க வீட்டுப் பூவாடைக்காரி ஆம்பளைக்கா."

"என்னடி ஒளர்ற?"

"போட்டோவுல மூக்குத்தி, தலை நிறையப் பூ. சுமங்கலியாப் போய்ச் சேர்ந்த பாட்டின்னு வருசாவருசம் சேலை வச்சுக் கும்பிடறோம். நேத்து பெங்களூர்ல இருந்து வந்த சின்ன மாமனார் பாத்துட்டு, 'இது எங்க பெரியப்பா'ங்கறார். நாடகக் கம்பெனியில ராணி வேஷம் கட்டுனவராம்."

"சினிமாவுல நடிக்கலையா?"

"அங்கதான் பொம்பளைங்களே நடிக்க வந்துட்டாங்களே. இவருக்கு மீசைய ஒட்டி, கையில ஈட்டியக் குடுத்து, அரமண வாசல்ல நிக்க வச்சுட்டாங்களாம். அந்தப் படத்தச் செல்லுல காட்டுனார். அதே கண்ணுக்கா. இனி யாருன்னு நெனச்சுக் கும்பிடறதுன்னே புரியல."

"நாளைக்குப் படையலாச்சே?"

"வேட்டி வைக்கலாம்னு எங்க வீட்டுக்காரர் சொல்றார். மாமியா சேலைதான்னு ஒத்தக்கால்ல நிக்கறாங்க."

"தெரிஞ்ச பொறகுமா?"

"ராணியா வாழ்ந்த மனுசன நம்ம வீட்டுலயும் காவலுக்கு நிக்க வைக்கணுமான்னு கேக்கறாங்க."