இரண்டு காரை இடித்து வாங்கிய கப்

எழுபதுகளில் டொராண்டோவில் ஸ்ட்ரீட்கார் என்னும் டிராமில் தமிழ் காதில் விழுவதே அபூர்வம். அன்று எனக்கு முன் இருக்கையில் இரண்டு பெண்கள். இளையவள் சொன்னாள்:

“ரெண்டு காரை இடிச்சுப்போட்டுத்தான் அக்கா, கப் எடுத்தனான்.”

“என்னடி சொல்லுறாய்? நீ லைசென்ஸ் எடுத்ததே இந்த வருசம்தானே!”

“ஸ்ரௌவ்வில் எண்ட ஊருக்குப் பக்கத்தில மண் ரேஸ் பாதையில இவர் சம்மர் முழுக்கப் பழைய காரில ரேஸ் ஓடினவரெல்லே? ஒண்டிலயும் வெல்லேல்லை. நேற்று சீசன்ர கடைசி நாள். பெண்களுக்கும் ஒரு ரேஸ் வைச்சவை. பகிடிக்குப் பேர் குடுத்தனான்.”

“சாறியோடயோ?”

“இவரின்ரை ஓவரோல் உடுப்பைப் போட்டுக்கொண்டு. கடைசிச் சுற்றில எனக்கு முன்னால போன ரெண்டு காரும் மோதிச் சுழண்டுது. நான் பிரேக் எண்டு மிதிச்சது அக்சிலேட்டர்! ரெண்டையும் இடிச்சுக்கொண்டு நடுவால போய் முதலாவதா வந்திட்டன்.”

அக்கா சிரிப்பை அடக்க முடியாமல் கைப்பையால் முகத்தை மூடிக்கொண்டாள்.

“உன்ரை மனுசன் என்ன சொன்னவர்?”

“முதல்ல ஓடி வந்து காரைச் சுத்திப் பார்த்தார். பேந்து என்னைத் தூக்கிக் காருக்கு மேல ஏத்திவிட்டார். அடுத்த சீசன் நான் ஓடட்டாம், தான் சில்லு, டயர் எல்லாம் மாத்துறாராம்.”

“நீ ஓமெண்டனியோ?”

“இப்ப ஹெல்மெட் வாங்கத்தான் அக்கா போறம். அவரின்ரை எனக்குப் பெரிசு.”