ஆயுசுக்கு ஒரு தடவை

வரேன் வரேன், யாரு வரமாட்டேன்னு சொன்னது? இந்தத் திரைச்சீலைக்கு ஓரம் அடிச்சு முடிச்சுடறேன். நீ அப்படி உக்காரு, எப்படி மூச்சு வாங்குது பாரு. உங்கப்பாவுக்கு இழுத்துக்கிட்டு இருக்கு, புரியுது. தங்கச்சியைப் பாக்கணும்னார், அவளைக் கூட்டிட்டு வராம திரும்பி வராதேன்னும் சொல்லியிருப்பார். சொன்னாரா? எங்கண்ணன் குணம் எனக்குத் தெரியாதா?

தனியாப் போறியா? போ. அத்தை வரலேன்னு அவர் முகத்தைப் பாத்துச் சொல்லிடு. முடியாதில்ல? அப்ப உக்காரு.

சேச்சே, கோவமெல்லாம் இல்ல. ம்... இருக்கு. உன்கிட்ட என்ன மறைக்கிறது, வயிறு எரியுது எனக்கு.

உங்க தாத்தா என்னைப் படியேறக் கூடாதுன்னார், அது உனக்குத் தெரியும். நான் பிடிவாதமா ஒருத்தரைக் கட்டிக்கிட்டேன், எங்கப்பாவும் பிடிவாதமா பேச்சை நிறுத்திட்டார். அவர் சாகக் கிடந்தப்போ எனக்கு யாரும் சொல்லி அனுப்பல. மறுநாள் காலையிலதான் ஆள் வந்தது. நல்ல வெயில். வண்டி பிடிச்சுப் போய் இறங்கறேன், எல்லாம் முடிஞ்சு தூக்கறதுக்குத் தயாரா நிக்கிறாங்க. பெத்த அப்பன் மூச்சு நிக்கிற வரைக்கும் எட்டிப் பாக்காத ஜென்மம்னு ஊரே கரிச்சுக் கொட்டிச்சு. உங்கப்பா எனக்காக வாயைத் திறக்கல. உங்க ரொட்டிக்கடையில மாவு மூட்டை மேல உக்காந்து அழுதார். நான் போய் அவருக்கு ஆறுதல் சொன்னேன். என்னைச் சொல்லணும்.

உங்கப்பா கழுத்துல ஒரு திருப்புச்சாவி தொங்குமே, அதுதான் இதுக்கெல்லாம் காரணம். அந்த வீட்டு வாசக்கால் துளையில விட்டு இடப்பக்கமா திருப்பினா உலகமே ஒரு மணி நேரம் பின்னாடி போயிடும். சாவியும் ஞாபகமும் திருப்பின ஆள்கிட்ட மட்டும் தங்கும். அந்த வீட்டு ரத்தம்தான் திருப்ப முடியும், அதுவும் ஒவ்வொருத்தரும் ஆயுசுக்கு ஒரு தடவைதான். தெரியும், உனக்கும் தெரியும். இருந்தாலும் கேளு.

உங்கம்மா மாடியிலேருந்து விழுந்தாளே, அன்னிக்குத் தெருவே கத்திச்சாம், திருப்பு திருப்புன்னு. நீ தவழற குழந்தை, நான் வெளியூர். அவர் சாவியைப் பிடிச்சுக்கிட்டு மரம் மாதிரி நின்னிருக்கார். துரு ஏறிடுச்சு, திரும்ப மாட்டேங்குதுன்னார். பாவம் மனுஷன்னு நாங்களும் நம்பினோம்.

போன மழைக்கு நான் கடைக்கு வந்தேன் பாரு, தொப்பலா நனைஞ்சு. நீதான் துண்டு குடுத்தே. அன்னிக்கு மாதிரியே வந்து நிக்கிறியே, அப்பா போர்வையெல்லாம் ஈரமாக்கினியேன்னு உங்கப்பா சிரிச்சார். சிரிச்சவர் முகம் அப்படியே செத்துப்போச்சு. அப்பா செத்த அன்னிக்கு நான் எங்கே நனைஞ்சேன்? நான் போனப்போ அப்பா மேல போர்வை இல்ல, வெள்ளைத் துணிதான் கிடந்தது.

ஆமா. நான் போயிருக்கேன். ராத்திரி மழையில நனைஞ்சுக்கிட்டு, அப்பா உசுரோட இருக்கும்போதே. அதை உங்கப்பா திருப்பி இல்லாம பண்ணிட்டார். ரெண்டாவது தடவை எனக்கு ஆளே அனுப்பல. அவர்கிட்ட இருந்த ஒரே திருப்பலை என்மேல செலவு பண்ணிட்டார். உங்கம்மாவுக்கு மிச்சம் இல்லாமப் போச்சு.

ஏன்னா, அப்பா என் கையைப் பிடிச்சுக்கிட்டு, உங்கப்பாவைப் பாத்து நீ வெளியில நில்லுன்னு சொல்லியிருக்கார். வருஷக்கணக்கா எடுத்துப் போட்டு, துடைச்சு, சோறூட்டினவர் இவர். ஒரு நாள் வந்து நின்னவளுக்காக இவரை வெளியில அனுப்பினா வலிக்காதா? வலிக்கும். அதுகூட எனக்குப் புரியுதும்மா.

இதெல்லாம் யார் சொன்னதா? உங்கப்பாதான் சொன்னார். எப்பவா? இன்னிக்கு.

பதறாதே. நீ வந்து நின்ன உடனே ஊசியைக் கூடக் குத்தி வைக்காம போட்டுட்டு உன்னோட அங்க ஓடினேன். உனக்கு ஞாபகம் இருக்காது. என் கையைப் பிடிச்சுக்கிட்டு எல்லாத்தையும் சொல்லி, மன்னிச்சுடுன்னு அழுதார். மன்னிச்சேன்னேன். நிஜமாத்தான் சொன்னேன். அப்புறம் ஒண்ணே ஒண்ணு கேட்டேன். அப்பா அன்னிக்கு எங்கிட்ட என்ன சொன்னார்னு. தெரியாதும்மா, கதவு சாத்தியிருந்ததுன்னார். சொல்லிட்டு நிம்மதியாக் கண்ணை மூடினார். நீ அந்தப் பக்கம் உக்காந்து அவர் தலையைத் தடவிக்கிட்டு இருந்தே.

எனக்கு மட்டும்னு எங்கப்பா ஏதோ சொல்லியிருக்கார். அது இப்ப உலகத்துல யாருக்குமே தெரியாது. எனக்கும் தெரியாது. இவர் மட்டும் மனசு லேசாகி, சிரிச்ச முகமா கிடக்கிறார். பாக்கப் பாக்க எனக்குத் தாங்கல. அவர் கழுத்துலேருந்து சாவியைக் கழட்டி வாசக்கால்ல வெச்சுத் திருப்பிட்டேன்.

தேடாதே, சாவி இங்க இல்ல. நீ திருப்பிடக் கூடாதுன்னு, நீ கதவைத் தட்டறதுக்கு முன்னாடியே பின்கட்டுக் கிணத்துல போட்டுட்டேன். அவர் கடைசி மூச்சுக்குப் போகவிடாம உன்னையும் சேத்து இங்க உக்கார வெச்சதுதான் தப்பு. அதுக்கு நீ என்னை என்ன வேணா சொல்லு.

ஓரம் முடிஞ்சுது. செருப்பை மாட்டிக்கோ, போகலாம். ஓடாதே கண்ணு, இனிமே ஒண்ணும் அவசரம் இல்ல.